குதிரையைத் தெரியும்... குளத்தைத் தெரியுமா?

தேசிங்கு ராஜன் கதை தெரியாத பிள்ளைகள் நம் பக்கத்தில் உண்டா, தம்பி, தங்கைகளே? யாராலும் அடக்க முடியாத குதிரையை அடக்கியவர். இளம் வயதிலேயே ஆற்காடு நவாபின் பெரிய படையை எதிர்த்து நின்று, 1714-ஆம் ஆண்டு போர்க்களத்தில் உயிரை விட்டவர். அவருடைய உடல் செஞ்சிக் கோட்டைக்குள் இருக்கும் செட்டிக்குளத்தின் கரையில்தான் எரியூட்டப்பட்டது என்று அங்கே சொல்வார்கள்.

சரி, அந்தச் செட்டிக்குளத்துக்குத் தண்ணீர் எங்கிருந்து வருகிறது?

விழிக்கிறீர்களா? உங்கள் மேல் தவறில்லை. யாரும் இதுவரை உங்களிடம் அப்படிக் கேட்டதில்லை, அவ்வளவுதான்.

செஞ்சிக்குப் பள்ளிச் சுற்றுலா போகும் பிள்ளைகளைப் பாருங்கள். பேருந்து நிற்கும். இரண்டு இரண்டு பேராக வரிசை. கல்யாண மகாலின் முன்னால் ஒரு குழு போட்டோ. களஞ்சியத்துக்குள் போய் எதிரொலிக்க ஒரு கூச்சல். தைரியசாலிகள் ராஜகிரி மலையில் பாதி தூரம் ஏறுவார்கள். பிறகு புளியோதரைப் பொட்டலம். அதிலும் ஒரு பங்கு குரங்குக்குப் போய்விடும்! மாலையில் பேருந்து கிளம்பும்போது, 'யார் கட்டியது, யார் பிடித்தது, எந்த ஆண்டு' என்று நான்கு வரி நோட்டுப் புத்தகத்தில் ஏறியிருக்கும்.

2025 ஜூலையில் செஞ்சிக்கு ஒரு பெருமை கிடைத்தது. 'மராட்டிய ராணுவ நிலப்பரப்புகள்' என்ற பெயரில் 12 கோட்டைகளை யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது. அவற்றில் 11 மகாராஷ்டிரத்தில் இருக்கின்றன. மிச்சம் ஒன்று நம் செஞ்சி. இனி இன்னும் நிறையப் பள்ளிகள் அங்கே போகும். ஆகவேதான் இதை இப்போது எழுதுகிறேன். மண்ணையும் தண்ணீரையும் காப்பது எப்படி என்று பிள்ளைகளுக்குக் கற்றுத்தர செஞ்சியைவிட நல்ல வகுப்பறை நம் பக்கத்தில் இல்லை என்பது என் கட்சி. அந்த வகுப்பறைக்குள் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போய், பாடம் எடுக்காமலே திருப்பி அழைத்து வந்துவிடுகிறோம்.

கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். சத்ரபதி சிவாஜி 1677-இல் இந்தக் கோட்டையைப் பிடித்தார். அவருடைய மகன் ராஜாராம் இங்கே தங்கியிருந்தபோது, 1690-இல் முகலாயப் படை வந்து முற்றுகையிட்டது. கோட்டை விழுந்தது 1698-இல்தான்! முற்றுகை ஒரே மாதிரி இறுக்கமாக இருக்கவில்லை. நடுவில் தளர்ந்ததும் உண்டு. ஆனாலும் அத்தனை ஆண்டுகள் அந்த மதிலுக்குள் மனிதர்கள் இருந்தார்கள், குதிரைகள் இருந்தன, யானைகள் இருந்தன. எல்லோருக்கும் தாகம் எடுத்திருக்குமே! பீரங்கிக் குண்டு தீர்ந்தால் கல்லை உருட்டிச் சண்டை போடலாம். தண்ணீர் தீர்ந்தால் மூன்றாம் நாள் கதவைத் திறந்துவிட வேண்டியதுதான்.

செஞ்சி மலையைத் தூரத்திலிருந்து பார்த்தவர்களுக்குத் தெரியும், யாரோ பெரிய பெரிய பாறைகளைக் கொட்டிக் குவித்து வைத்தது போல இருக்கும். ராஜகிரி சுமார் 800 அடி உயரம். கிருஷ்ணகிரி, சந்திரயான்துர்க்கம் என்று இன்னும் இரண்டு மலைகள். மூன்றையும் சேர்த்து மதில். இந்தப் பாறை மேல் மழை விழுந்தால் ஒரு சொட்டுகூட உள்ளே இறங்காது. வழுக்கிக்கொண்டு ஓடிவிடும். அப்படி ஓடுகிற தண்ணீரைத்தான் அந்தக் காலத்து ஆட்கள் பிடித்து வைத்தார்கள். மேலே சுனைகளும் மழைநீர்த் தொட்டிகளும், அடிவாரத்தில் செட்டிக்குளமும் சக்கரக்குளமும், யானைகளுக்கென்றே ஒரு குளமும். கல்யாண மகாலுக்குச் சுட்ட மண் குழாய்களில் தண்ணீர் வந்தது. மோட்டார் கிடையாது, மின்சாரம் கிடையாது. தண்ணீர் மேட்டிலிருந்து பள்ளத்துக்கு ஓடும் என்ற ஒரே ஒரு விஷயத்தை வைத்துக்கொண்டு செய்த வேலை!

இப்போது சொல்லுங்கள், கோட்டையைக் காத்தது வாள் மட்டும்தானா? வாள் பிடித்தவர்களின் பெயர்கள் நமக்கு மனப்பாடம். குளத்தை வெட்டிய, கரையை மிதித்து இறுக்கிய, ஆண்டுதோறும் தூர் வாரிய ஆட்களில் எத்தனை பேரை நாம் நினைக்கிறோம்?

நான் ஆசிரியராக இருந்தால் ராஜகிரிச் சரிவில் ஒரே ஒரு பாடம் எடுப்பேன். முதலில் வெறும் பாறையில் நிறுத்தி, ஒரு டம்ளர் தண்ணீரை ஊற்றச் சொல்வேன். ஓடிவிடும். நாலடி தள்ளி, இரண்டு பாறைக்கு நடுவே கைப்பிடி மண் ஒதுங்கி, அதில் புல் முளைத்திருக்கும் பாருங்கள், அங்கே ஊற்றச் சொல்வேன். பாதி நிற்கும். பிறகு அடிவாரத்தில் ஒரு மரத்தடியில், சருகு மூடிய இடத்தில் ஊற்றச் சொல்வேன். ஊற்றியது தெரியாமல் மண் குடித்துவிடும். மூன்று டம்ளர் தண்ணீர் போதும். மண் இருந்தால் தண்ணீர் நிற்கும், செடி இருந்தால் மண் நிற்கும் என்பதைப் பிள்ளைகள் தாங்களே கண்டுபிடித்துவிடுவார்கள். கடைசியாகக் குளக்கரை. மேலே நழுவிய தண்ணீரும், அது கூட்டிக்கொண்டு வந்த மண்ணும் எங்கே வந்து சேர்ந்திருக்கிறது என்று அவர்களே காட்டுவார்கள்.

ஆனால், இந்தப் பாடம் பள்ளியில் எப்படி நடக்கிறது? 'மண் அரிப்பைத் தடுக்கும் முறைகள் யாவை?' ஐந்து மதிப்பெண். மரம் வளர்த்தல், வரப்பு அமைத்தல், படிக்கட்டு முறைச் சாகுபடி, தடுப்பணை கட்டுதல்... வரிசை மாறாமல் எழுதினால் முழு மதிப்பெண். எழுதியவர் வரப்பு மேல் நடந்திருக்க வேண்டிய அவசியம் இல்லை. மார்ச் 22 வந்தால் உலகத் தண்ணீர் தினம், டிசம்பர் 5 வந்தால் உலக மண் தினம். அன்றைக்கு ஓவியப் போட்டி, வாசகப் போட்டி, பேச்சுப் போட்டி. சார்ட் பேப்பரில் உலக உருண்டை அழும்; பக்கத்தில் ஒரு குழாய் சொட்டும். பரிசாக ஒரு டிபன் பாக்ஸ். மறுநாள் அந்த சார்ட் பேப்பர் சுருட்டி பீரோ மேல் போய்விடும்.

ஓவியம் வரைவதை நான் குறை சொல்லவில்லை. ஓவியத்தோடு நின்றுவிடுவதைத்தான் சொல்கிறேன். ஆசிரியர்களையும் முழுக்கக் குறை சொல்ல மனம் வரவில்லை. பாடத்தை முடித்தாக வேண்டும், ஆயிரம் படிவம் நிரப்ப வேண்டும். பிள்ளைகளை வெளியே கூட்டிப் போனால் யார் காலிலாவது முள் குத்தினால்கூட அவர்தான் பதில் சொல்ல வேண்டும். 2001-இல் தேசிய பசுமைப் படை தொடங்கிய பிறகு, எத்தனையோ பள்ளிகளில் ஆசிரியர்கள் தங்கள் கைக்காசைப் போட்டுக்கூட நல்ல வேலை செய்திருக்கிறார்கள். ஆனால், அது அந்த ஒரு ஆசிரியர் மாற்றலாகிப் போகும்வரைதான் நடக்கிறது. பாடத்தின் பகுதியாக, மதிப்பெண்ணின் பகுதியாக அது மாறவில்லை.

இன்னொரு வேடிக்கை. 'ஆவியாதல், சுருங்குதல், மழைப்பொழிவு' என்று நீர்ச் சுழற்சியை அம்புக்குறி போட்டு வரைகிற பிள்ளைகளிடம், 'உங்கள் ஊர் ஏரிக்குக் கலங்கல் எந்தப் பக்கம்?' என்று கேட்டுப் பாருங்கள். கலங்கல் என்றால் தண்ணீர் கலங்கி இருப்பது என்று பதில் வரும்! ஏரி நிரம்பினால் உபரித் தண்ணீர் கரையை உடைக்காமல் வெளியேற, கல்லால் கட்டி விட்டிருக்கும் வழிதான் கலங்கல். வயலுக்குத் தண்ணீர் விடுவது மதகு. ஏரிக்குத் தண்ணீரைக் கொண்டுவருவது வரத்துக் கால்வாய். விழுப்புரம் மாவட்டத்தில் ஊருக்கு ஊர் ஏரி இருந்தும் இந்த மூன்று சொற்கள் மறைந்து போனால், அடுத்த தலைமுறைக்கு ஏரி என்பது வெறும் காலி மைதானமாகத்தான் தெரியும். அப்புறம் அதில் வீடு கட்டினால் என்ன தப்பு என்றுதானே தோன்றும்?

சரி, செஞ்சிக்குப் போகாத பிள்ளைகள் என்ன செய்வது? வீட்டுத் திண்ணையிலேயே கோட்டையைக் கொண்டுவந்துவிடலாம். ஒரு லிட்டர் தண்ணீர் பாட்டில்கள் மூன்று எடுத்துக்கொள்ளுங்கள். படுக்க வைத்து, மேல்பக்கத்தில் ஜன்னல் போல நீளமாக வெட்டித் தரச் சொல்லுங்கள். (கத்தியைப் பெரியவர்கள்தான் பிடிக்க வேண்டும்!) மூன்றிலும் ஒரே அளவு தோட்டத்து மண்ணை நிரப்புங்கள். ஒன்றில் வெறும் மண். இரண்டாவதில் மண் மேல் வைக்கோலோ சருகோ பரப்புங்கள். மூன்றாவதில் கேழ்வரகு தூவி, தினமும் தண்ணீர் தெளித்துப் பத்து, பன்னிரண்டு நாள் வளர விடுங்கள். மூன்றும் தயாரானதும், வாய்ப்பக்கம் கொஞ்சம் தாழ்ந்திருக்கும்படி சாய்த்து வைத்து, மூடியைக் கழற்றிவிட்டு, வாயின் கீழே ஒரு கண்ணாடி டம்ளர் வையுங்கள். பூவாளியால் மூன்றுக்கும் ஒரே அளவு தண்ணீரைப் பொழியுங்கள்.

முதல் டம்ளரில் டீ போல வரும். அதுவும் உடனே வரும். இரண்டாவதில் நிறம் குறைவாக, நிதானமாக வரும். மூன்றாவதில் சொட்டுச் சொட்டாக, ஏறக்குறைய தெளிவாக வரும். மூன்று டம்ளரையும் ஓர் இரவு அசைக்காமல் வைத்துவிட்டு, காலையில் அடியில் எவ்வளவு மண் படிந்திருக்கிறது என்று அடிக்குச்சியால் அளந்து எழுதுங்கள். எந்த டம்ளரில் தண்ணீர் வருவதற்கு எத்தனை வினாடி ஆனது என்பதையும் எழுதுங்கள். இதற்கு ஆகும் செலவு ஒன்றும் இல்லை.

அந்த முதல் டம்ளரின் அடியில் படிந்திருப்பதைச் சாதாரணமாக நினைக்காதீர்கள். பாறை வெயிலிலும் மழையிலும் விண்டு, பொடியாகி, அதில் புல் முளைத்து, மக்கி, ஒரு சென்டிமீட்டர் மேல்மண் உண்டாக நூற்றுக்கணக்கான ஆண்டுகள் ஆகின்றன. ஒரு ஏக்கர் நிலத்தில் ஒரே ஒரு மில்லிமீட்டர் மண் கரைந்து போனால் எவ்வளவு தெரியுமா? நான்கு கன மீட்டர். ஒரு டிராக்டர் டிப்பர் நிறைந்து இன்னும் மிச்சம் இருக்கும்! நிலத்துக்காரர் கண்ணுக்கு அது தெரியவே தெரியாது. ஒரு மில்லிமீட்டர்தானே!

கரைந்த மண் எங்கே போகிறது? செஞ்சிக்கு மேற்கே உள்ள மலைப்பகுதியில் பிறப்பது சங்கராபரணி ஆறு. செஞ்சி ஆறு, வராக நதி என்றும் பெயர் உண்டு. அது ஓடிப்போய் வீடூர் அணையில் சேர்கிறது. அணையின் உயரம் 32 அடி. அங்கிருந்து கிழக்கே போய், புதுச்சேரியின் ஊசுட்டேரிக்கும் வாய்க்கால் வழியாகத் தண்ணீர் கொடுத்து, கடைசியில் கடலில் கலக்கிறது. ஆக, செஞ்சிப் பக்கத்து நிலக்கடலைக் கொல்லையில் வரப்பு உடைந்தால், அந்த மண் அணையில் படியலாம், ஏரியில் படியலாம், கடலுக்கே போய்விடலாம். மண் படிந்த அளவுக்குத் தண்ணீருக்கு இடம் குறையும். மேலே ஒருவருக்கு மண் நஷ்டம். கீழே வேறு ஒருவருக்குத் தண்ணீர் நஷ்டம். அவர்கள் இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்ததே இருக்காது.

இதே மாவட்டத்தில், புதுச்சேரிக்குப் பக்கத்தில் ஆரோவில் இருக்கிறது. 1968-இல் அது தொடங்கியபோது அந்த மேட்டு நிலம் ஏறக்குறைய பொட்டல். மழை பெய்தால் செம்மண் தண்ணீர் ஓடைகளை அறுத்துக்கொண்டு கடலுக்குப் போகும். அங்கே வந்தவர்கள் மரம் நடுவதோடு நிற்கவில்லை. விழுந்த மழை விழுந்த இடத்திலேயே நிற்கட்டும் என்று நிலத்தைச் சுற்றி வரப்பு போட்டார்கள், ஓடைகளுக்குக் குறுக்கே தடுப்பு கட்டினார்கள். இன்றைக்கு அங்கே காடு நிற்கிறது. நம் தாத்தாக்களுக்கும் தெரிந்த அதே வரப்புதான்! அமெரிக்காவில் 1930-களில் புல்வெளியை எல்லாம் உழுது போட்டுவிட்டு, வறட்சியும் சேர்ந்துகொள்ள, மேல்மண் புழுதிப் புயலாகக் கிளம்பித் தலைநகரம் வரை போனது. அதற்குப் பிறகுதான், 1935-இல், மண்ணைக் காக்க அங்கே தனித் துறையே அமைத்தார்கள்.

தண்ணீர்க் கணக்குக்கு வருவோம். உங்களுக்குப் பிடிக்காத கணக்குப் பாடம்தான், ஆனால் இது சுவையானது. ஒரு சதுர மீட்டர் இடத்தில் ஒரு மில்லிமீட்டர் மழை பெய்தால் ஒரு லிட்டர் தண்ணீர். 20 அடிக்கு 20 அடி வகுப்பறையின் கூரை சுமார் 37 சதுர மீட்டர். ஒரு சென்டிமீட்டர் மழை பெய்தால் அந்தக் கூரையிலிருந்து 370 லிட்டர், அதாவது ஏறக்குறைய 25 குடம்! 2024 டிசம்பர் 1-ஆம் தேதி காலையோடு முடிந்த 24 மணி நேரத்தில், ஃபெஞ்சல் புயலின்போது மயிலத்தில் சுமார் 50 சென்டிமீட்டர் கொட்டியது. அந்த ஒரே நாளில் ஒரு வகுப்பறைக் கூரை மேல் விழுந்தது 18,500 லிட்டர். அன்றைக்கு அதே தண்ணீர் ஊரை முழுக்காட்டியது. அடுத்த சித்திரையில் அதே ஊர்களில் எத்தனை பேர் குடத்தோடு வரிசையில் நின்றிருப்பார்கள்?

மழையை அளக்கவும் பெரிய கருவி வேண்டாம். அடியும் வாயும் ஒரே அகலமாக, அடி தட்டையாக இருக்கும் டப்பா ஒன்று; ஓர் அடிக்குச்சி; மரமும் கூரையும் மறைக்காத ஒரு திறந்த இடம். வானிலை மையத்தில் அளப்பதுபோல தினமும் காலை 8.30-க்கு அளந்து எழுதுங்கள். பள்ளி மணி அடிக்கும் நேரம்கூட ஏறக்குறைய அதுதான்! பிரார்த்தனைக் கூட்டத்தில் செய்தி வாசிக்கிறார்களே, அதோடு 'இன்று நம் பள்ளியில் பெய்த மழை இவ்வளவு' என்று ஒரு வரி சேர்த்தால் என்ன? 2003-இல் தமிழ்நாட்டில் எல்லாக் கட்டடங்களுக்கும் மழைநீர் சேகரிப்பு கட்டாயம் என்று ஆக்கினார்கள். உங்கள் பள்ளியிலும் அந்தக் குழி எங்காவது ஒரு மூலையில் இருக்கும். தேடிப் பாருங்கள். குழாய் குழிக்குள் இறங்குகிறதா, அல்லது நடுவில் உடைந்து சுவரில் வழிகிறதா? குழிக்குள் கூழாங்கல் இருக்கிறதா, குப்பை இருக்கிறதா? பார்த்ததைத் தலைமை ஆசிரியரிடம் மரியாதையாகச் சொல்லுங்கள்.

'கிராமத்துப் பிள்ளைகளுக்கு இதெல்லாம் சொல்லித்தர வேண்டுமா? அவர்களுக்கே தெரியுமே!' என்று சில பெரியவர்கள் கேட்பார்கள். உண்மைதான், தெரியும். அங்கேதான் எனக்கு வருத்தமே. செஞ்சி ஒழுங்குமுறை விற்பனைக் கூடத்துக்கு நெல்லும் மணிலாவும் மூட்டை மூட்டையாக வருகின்றனவே, அதை விளைவித்த வீட்டுப் பிள்ளைக்குச் சரிவுக்குக் குறுக்கே ஏன் உழ வேண்டும் என்று தெரியும். கோடை உழவு போட்டால் முதல் மழை உள்ளே இறங்கும் என்று தெரியும். ஏரி வண்டலை வண்டியில் அடித்து வயலில் கொட்டினால் உரச் செலவு குறையும் என்று அப்பா சொல்லிக் கேட்டிருக்கும். ஆனால், அதே பிள்ளை பரீட்சையில் 'படிக்கட்டு முறைச் சாகுபடி' என்ற சொல்லை மறந்துவிட்டால் மதிப்பெண் போய்விடுகிறது. மனப்பாடம் செய்த பிள்ளை கெட்டிக்காரன். மண்ணைத் தெரிந்த பிள்ளை மக்கு! இந்தக் கணக்கு எனக்குப் புரியவே இல்லை. ஒரு நாள் அந்தப் பிள்ளையின் தாத்தாவையோ அம்மாவையோ வகுப்புக்கு அழைத்து, நாற்காலி போட்டு உட்கார வைத்து, கேள்வி கேட்கச் சொல்லுங்கள். வகுப்பில் அந்தப் பிள்ளை உட்காரும் விதமே மாறிவிடும்.

ஐந்து மதிப்பெண் கேள்வியை எடுத்துவிடச் சொல்லவில்லை. அதில் மூன்றை மட்டும் பிள்ளைகள் தாங்களே அளந்து எழுதிய நோட்டுக்குக் கொடுங்கள் என்கிறேன். பாடத்திட்டம் வகுப்பவர்கள் கண்ணில் இது பட்டால் சந்தோஷம்.

ஒரு விஷயத்தில் மட்டும் நான் கண்டிப்பு. ஏரி, குளம், சுனை எதற்கும் பெரியவர் துணையில்லாமல் போகக் கூடாது. படிக்கட்டில் பாசி வழுக்கும். தூர் வாரிய ஏரியில் ஆழம் எங்கே என்று வெளியே தெரியாது. ஒவ்வொரு கோடை விடுமுறையிலும் பிள்ளைகள் மூழ்கிய செய்தியைப் படிக்கும்போது நெஞ்சு பதறுகிறது. ஆனால், அதற்காகக் குளத்தின் பக்கமே பிள்ளைகளை விடக் கூடாது என்றால் எப்படி? நீச்சல் தெரிந்த பெரியவர் ஒருவரோடு, கரையில் நின்று பார்த்தால் போதும். செஞ்சிக் கோட்டை தொல்லியல் துறையின் பாதுகாப்பில் இருப்பது. அங்கே தோண்டுவதும் கிறுக்குவதும் கூடாது. மண் வேண்டுமென்றால் உங்கள் தோட்டத்திலேயே எடுத்துக்கொள்ளுங்கள்.

ஐப்பசி மழைக்கு முன்னால் பாட்டில்களைத் தயார் செய்துவிடுங்கள். கேழ்வரகு முளைக்க நாள் வேண்டுமே! சோதனை செய்து பார்த்தவர்கள், மூன்று டம்ளரிலும் எத்தனை மில்லிமீட்டர் மண் படிந்தது என்று ஒரு அஞ்சலட்டையில் எழுதிப் போடுங்கள். ஊர்ப் பெயரையும் மண்ணின் நிறத்தையும் சேர்த்து எழுத மறக்காதீர்கள்.